ஒரு குரலுக்கு விழுந்த ஓட்டுகள்

அனிமே எனும் ஜப்பானிய அனிமேஷன் பார்க்கிற பிள்ளைகள் இருக்கும் வீட்டில் ஆண்டுக்கு ஒருமுறை ஒரு வாக்குவாதம் கட்டாயம் நடக்கும். இந்த ஆண்டின் சிறந்த அனிமே எது? அண்ணன் ‘சோலோ லெவலிங்’ என்பான். தங்கை முகத்தைச் சுளித்துவிட்டு வேறொன்றைச் சொல்வாள். நடுவில் மாட்டிக்கொண்ட அப்பா, “ஏம்மா, இதையெல்லாம் யார் முடிவு பண்றது?” என்று கேட்பார். “ரசிகர்கள்தான்ப்பா, ஓட்டுப் போட்டு” என்று இருவரும் சேர்ந்து சொல்வார்கள். அப்பாவுக்குச் சந்தேகம் தீராது. எந்த ரசிகர்கள்? தேர்தலை நடத்துவது யார்? ஜெயித்தால் என்ன ஆகும்?

அந்த அப்பாவுக்காக எழுதுவதாக வைத்துக்கொள்ளுங்கள். டீ போட்டாகிவிட்டது, நிதானமாகவே போகலாம். இந்த ஓட்டுப் பழக்கம் வேர்விட்ட இடத்தையும், அந்த ஓட்டில் ஆண்டுக்கு ஆண்டு ஜெயித்துக்கொண்டே இருந்த ஒரு பெண்ணையும் சேர்த்துப் பார்த்தால் விஷயம் எளிதில் பிடிபடும். அவர் பெயர் மெகுமி ஹயஷிபரா. நடிகை, பாடகி. நடித்த படங்களில் முகம் தெரியாது. பாடகி என்று பெயர் வாங்கி இருபத்தைந்து ஆண்டுக்கு மேல் தன் பெயரில் ஒரு கச்சேரிகூட வைக்கவில்லை. பிறகு எதைப் பார்த்து ஓட்டுப் போட்டார்கள் என்பதுதான் இங்கே கேள்வி.

முதலில் தேர்தலைப் பார்ப்போம். 1978இல் டோக்கியோவில் தொகுமா ஷோதென் என்ற பதிப்பகம் ‘அனிமேஜ்’ என்னும் மாத இதழைத் தொடங்கியது. அதற்கு முன்வரை ஜப்பானிலும் அனிமே என்றால் சின்னப் பிள்ளைகள் சாயங்காலம் பார்க்கிற சமாச்சாரம் என்றுதான் பெரியவர்கள் நினைத்திருந்தார்கள். அந்த எண்ணத்தை உடைத்தது ‘விண்வெளிப் போர்க்கப்பல் யமாட்டோ’ என்ற டிவி தொடர். 1977இல் அதைத் திரைப்படமாக வெட்டி ஒட்டி வெளியிட்டபோது, மீசை அரும்பிய பையன்கள் முந்தின இரவே தியேட்டர் வாசலில் வரிசையில் வந்து உட்கார்ந்தார்கள். பதிப்பகத்தார் கண்ணில் அந்த வரிசை பட்டது. இந்தப் பையன்களுக்குக் கதை மட்டும் போதவில்லை. யார் இயக்கினார், இந்தக் காட்சியை யார் கையால் வரைந்தார்கள், இந்தப் பாத்திரத்துக்குப் பேசியது யார் என்று பெயர் பெயராகத் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. அனிமேஜ் அந்தப் பெயர்களை அச்சிட்டது. அடுத்து, வாசகர்களிடமே தீர்ப்பைக் கேட்டது.

அப்படிப் பிறந்ததுதான் ‘அனிமே கிராண்ட் பிரி’. ஆண்டின் சிறந்த படைப்பு, சிறந்த அத்தியாயம், பிடித்த ஆண் பாத்திரம், பிடித்த பெண் பாத்திரம், பிடித்த குரல் நடிகர், பிடித்த பாட்டு என்று பிரிவுகள். வாசகர் தன் தேர்வை எழுதித் தபாலில் போட வேண்டும். இதழ் எண்ணி, வரிசைப்படுத்தி வெளியிடும். நடுவர் குழு கிடையாது. விமர்சகர்களுக்குத் தனி எடை கிடையாது. டோக்கியோவில் இருக்கும் பேராசிரியருக்கும் ஹொக்கைடோவின் ஏதோ ஒரு சிற்றூரில் எட்டாவது படிக்கும் பெண்ணுக்கும் ஒரே மதிப்பு.

கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் இதில் ஒரு நுணுக்கம் உண்டு, அதைக் கவனிக்காவிட்டால் பட்டியல் முழுவதையும் தப்பாகப் படிப்போம். ஓட்டுப் போட்டது ஜப்பான் அல்ல, அனிமேஜ் வாசகர்கள். அந்த இதழைக் காசு கொடுத்து வாங்கி, ஓர் அட்டையை எடுத்து எழுதி, தபால்பெட்டி வரை நடக்கிற அளவுக்குப் பித்து உள்ளவர்கள். ஆகவே பட்டியல் அளந்தது படைப்பின் தரத்தை என்று சொல்ல முடியாது. பார்த்தவர்களின் எண்ணிக்கையையும் அளக்கவில்லை. ஒரு படைப்பின் மேல் யாருக்கு எவ்வளவு பற்று என்பதைத்தான் அளந்தது.

உதாரணம் சொல்கிறேன். 1982இலிருந்து ஹயாவோ மியாசாகியின் ‘நௌசிகா’ சித்திரக்கதை அனிமேஜ் இதழிலேயே தொடராக வந்தது. 1984இல் அது படமானபோது பணம் போட்டவர்களில் தொகுமா ஷோதெனும் ஒன்று. அந்த ஆண்டு கிராண்ட் பிரியை வென்றது எது? நௌசிகா. தேர்தலை நடத்திய வீட்டின் வேட்பாளரே ஜெயித்தார் என்று ஒருவர் கிண்டலடிக்கலாம், அதில் தப்பும் இல்லை. ஆனால் கள்ள ஓட்டு விழுந்ததாக எண்ண வேண்டாம். மாதாமாதம் அந்தக் கதையை வாசித்து வளர்ந்த வாசகர்களிடம் கேட்டால் வேறு என்ன சொல்வார்கள்? பெண் பாத்திரங்களில் நௌசிகா அதன்பின் பல ஆண்டுகள் அசையாமல் முன்வரிசையில் இருந்தாள். 1988இல் ‘என் பக்கத்து வீட்டு தோதொரோ’ வென்றது. தியேட்டரில் அந்தப் படம் முதல் வெளியீட்டில் பெரிய வசூல் எதையும் அள்ளவில்லை. அந்த வசூல் கணக்கை வாசகர்கள் பொருட்படுத்தவில்லை. இந்த இடத்தில் அவர்களுக்கு நான் முழு மதிப்பெண் கொடுப்பேன்.

தொண்ணூறுகளில் வாசகர் கூட்டம் மாறியது, வெற்றியாளர்களும் மாறினார்கள். 1992இல் ‘சேலர் மூன்’. 1993, 1994 இரண்டு ஆண்டும் ‘யூ யூ ஹகுஷோ’. அதன் பின்னால் பெண் வாசகர்களின் பலம் இருந்தது, குராமா, ஹியே என்ற இரண்டு பாத்திரங்கள் மேல் அவர்களுக்கு அவ்வளவு பிரியம். பிறகு ‘நியான் ஜெனிசிஸ் எவாஞ்செலியன்’ அடுத்தடுத்து இரண்டு ஆண்டுகள். இது விசித்திரமான வெற்றி. எவாஞ்செலியன் தொடர் 1995 அக்டோபரில் தொடங்கி 1996 மார்ச்சில் முடிந்தது. கடைசி இரண்டு அத்தியாயங்களில் கதையை அப்படியே நிறுத்திவிட்டு நாயகனின் மனத்துக்குள் போய்விட்டார் இயக்குநர் ஹிதேயாகி அன்னோ. சண்டை எங்கே, முடிவு எங்கே என்று ரசிகர்கள் கொதித்தார்கள். திட்டிக்கொண்டே ஓட்டும் போட்டார்கள். கோபம் வருகிற அளவுக்கு ஒட்டிக்கொண்ட கதை அது. ரசிகர் ஓட்டை விளங்கிக்கொள்ள இதைவிட நல்ல ஆண்டு கிடையாது.

அந்த எவாஞ்செலியனில் ரெய் அயநாமி என்ற நீலமுடிப் பெண்ணுக்குக் குரல் கொடுத்தவர்தான் ஹயஷிபரா. பெண் பாத்திரங்களில் ரெய் முதலிடம் பிடித்தாள். குரல் நடிகர் பிரிவில் ஹயஷிபரா. இதில் ஆச்சரியப்பட ஏதும் இல்லை என்று தோன்றும், ஜெயிக்கிற படத்தில் இருந்தவர் ஜெயிக்கிறார், அவ்வளவுதானே. கொஞ்சம் பொறுங்கள். எவாஞ்செலியன் வருவதற்கு முன்பே அந்தப் பிரிவில் அவர் பெயர்தான். அது முடிந்த பிறகும் அவர் பெயர்தான். தொண்ணூறுகள் நெடுக, சிறந்த படைப்பு மாறி மாறி வந்துகொண்டிருக்க, குரலுக்கான இடத்தில் மட்டும் ஒரே பெண். படங்கள் வந்தன, போயின. ஓட்டு போகவில்லை.

யார் இவர்? 1967 மார்ச் 30 அன்று டோக்கியோவின் கிதா வட்டாரத்தில் பிறந்தவர். பள்ளி முடித்ததும் நர்சிங் படிப்பில் சேர்ந்தார். அதே நேரத்தில் ஆர்ட்ஸ் விஷன் என்ற குரல் நடிகர் நிறுவனத்தின் பயிற்சிக்கும் தேர்வானார். எதையும் விடவில்லை, நர்சிங் உரிமத்தையும் வாங்கினார், பயிற்சியையும் முடித்தார். 1986இல் ‘மேசோன் இக்கோகு’ தொடரில் துண்டு துண்டான வேடங்களோடு ஆரம்பம். 1989இல் ‘ரன்மா’ கிடைத்தது.

ரன்மா பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும், இவரது கைத்திறன் அங்கேதான் வெளிப்படுகிறது. ருமிகோ தகஹாஷியின் கதை. சாபம் பட்ட ஊற்றில் விழுந்த ஒரு வாலிபன், குளிர்ந்த தண்ணீர் பட்டால் பெண்ணாகிவிடுவான், வெந்நீர் பட்டால் மறுபடி ஆண். ஆண் உருவுக்குப் பேசியவர் கப்பே யமகுச்சி, பெண் உருவுக்கு ஹயஷிபரா. பெண் குரலில் பேசினால் போதும் என்று நினைத்துவிடாதீர்கள். உடம்புதான் பெண், உள்ளே இருப்பது முரட்டுப் பையன். வீம்பும் வீராப்பும் அப்படியே வர வேண்டும். காரியம் ஆக வேண்டும் என்றால் அதே பையன் பெண்ணைப் போல் குழைந்து நடிப்பான், அந்தக் குழைவில் போலித்தனமும் கேட்பவருக்குத் தெரிய வேண்டும். யமகுச்சி ஒரு வாக்கியத்தைத் தொடங்கி நடுவில் தண்ணீர் விழுந்தால், அதே மூச்சில் இவர் எடுத்து முடிக்க வேண்டும். இரண்டு பேர் சேர்ந்து ஒரு மனிதனைச் செய்தார்கள்.

1995ஐ எடுத்துக்கொள்ளுங்கள். ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை டிவி டோக்கியோவில் ‘ஸ்லேயர்ஸ்’. அதில் லினா இன்வெர்ஸ், வாய் ஓயாத, சாப்பாட்டுராமியான, கோபம் வந்தால் ஊரையே தகர்க்கிற மந்திரக்காரி. அக்டோபரில் அதே சேனலில் எவாஞ்செலியன், ரெய். இவள் பேசுவதே அபூர்வம். பேசினாலும் ஏற்ற இறக்கம் இராது. இரண்டும் ஒரே தொண்டை. ரெய்க்கு உணர்ச்சியே இல்லை என்பதல்ல, அவளுக்கு அது இன்னதென்று தெரியாது என்று அன்னோ விளக்கியதாக ஹயஷிபரா பின்னாளில் சொல்லியிருக்கிறார். இந்த வித்தியாசம் சிறியதாகப் படலாம். உணர்ச்சி இல்லாத குரல் என்றால் இயந்திரம் போலப் பேசிவிட்டுப் போகலாம். தெரியாத குரல் என்றால் அதற்குள் ஏதோ ஒன்று விழித்துக்கொள்ளக் காத்திருப்பது கேட்க வேண்டும். அது கேட்டது. அதற்குப் பிறகு வந்த தொடர்களில் மெல்லப் பேசும், முகம் மாறாத பெண் பாத்திரங்கள் வரிசையாக வந்தன. பெரும்பாலானவை ரெய்யின் நகல், அசல் பக்கத்தில் நிற்காது. (அதே தொடரில் குளிர்பெட்டிக்குள் வாழும் பென்பென் என்ற பென்குயினுக்கும் கத்தியது இவர்தான் என்பது தெரிந்தபோது நான் சிரித்துவிட்டேன்.)

மேலும் சில வேடங்களைப் பெயரளவில் சொல்லி நகர்கிறேன். ‘கௌபாய் பீபாப்’ தொடரில் ஃபே வேலண்டைன். ‘போகிமான்’ தொடரில் ஜெஸ்ஸி என்று நம் பிள்ளைகளுக்குத் தெரிந்த, ஜப்பானில் முசாஷி எனப்படும் ராக்கெட் குழுக்காரி. ‘டிடெக்டிவ் கோனான்’ தொடரில் ஐ ஹைபரா. ‘ஷாமன் கிங்’ அன்னா. சதோஷி கோனின் ‘பாப்ரிகா’.

இவ்வளவு வேடங்களுக்குக் கோடி கோடியாகச் சம்பாதித்திருப்பார் என்று நினைப்பீர்கள். இங்கேதான் அப்பா கேட்ட ‘ஜெயித்தால் என்ன ஆகும்’ என்ற கேள்விக்கு விடை இருக்கிறது. ஜப்பானில் குரல் நடிகர்களுக்கு நடிகர் சங்கம் வகுத்த படிநிலை உண்டு. அடிப்படி ‘ஜூனியர்’. அரை மணி நேர அத்தியாயம் ஒன்றுக்கு அவர்களுக்கு 15,000 யென். ஒரு வரி பேசினாலும் அதுதான், நூறு வரி பேசினாலும் அதுதான். படி ஏற ஏறக் கூடும், ஆனால் மேல்படியில் 45,000 யென் அளவில் நின்றுவிடும். அதற்கும் மேலே போக வேண்டுமானால் படிநிலையை விட்டு வெளியேறிப் பேரம் பேச வேண்டும். அந்தத் துணிச்சல் மிகச் சிலருக்கே வரும். படி ஏறுவதிலும் ஒரு சங்கடம் உண்டு. விலை கூடியவரை விட்டுவிட்டு விலை குறைந்த புதியவரைத் தயாரிப்பாளர் தேடிப் போய்விடலாம்.

ஆக, பேசுவதில் வரும்படி ஓரளவுக்குத்தான். பாட்டு, ரேடியோ, மேடை நிகழ்ச்சி, விளம்பரம் இவற்றில்தான் மிச்சம். ஜப்பானியக் குரல் நடிகை ஏன் பாடகியாகவும் இருக்கிறார் என்ற கேள்விக்கு முதல் விடை இந்தக் கணக்குதான்.

இரண்டாவது விடை இசைக் கம்பெனிகளிடம் இருக்கிறது. ஓர் அனிமே தொடருக்குப் பணம் போடுகிறவர்கள் பல பேர்: பதிப்பகம், டிவி நிறுவனம், பொம்மைக் கம்பெனி, இசைக் கம்பெனி. கிங் ரெக்கார்ட்ஸ் என்ற பழைய நிறுவனம் ஸ்டார்சைல்ட் என்ற பெயரில் அனிமேக்கென்றே ஒரு பிரிவு வைத்திருந்தது. அதன் தயாரிப்பாளர் தொஷிமிச்சி ஓத்சுகி. தொடருக்குப் பணமும் இவர்கள் போடுவார்கள், தொடக்கப் பாட்டையும் இவர்களே சிடி போடுவார்கள். நாயகிக்குப் பேசுகிறவரே தொடக்கப் பாட்டையும் பாடினால் தொடர் பாட்டை விற்கும், பாட்டு தொடரை விற்கும். நம் சினிமாவில் வாயசைப்பவர் ஒருவர், பேசுபவர் ஒருவர், பாடுபவர் ஒருவர் என்று மூன்றாகப் பிரிந்து கிடக்கிற வேலையில் இரண்டை அங்கே ஒரே ஆளுக்குக் கொடுத்தார்கள். நடிகை-பாடகி என்ற அந்தத் தொழில் அப்படித்தான் உருத்திரண்டது.

ஹயஷிபரா பாட வந்தது ரன்மா வழியாக. அந்தத் தொடரின் ஐந்து நடிகைகள் சேர்ந்து ‘தொகோ’ என்ற பெயரில் குழுவாகப் பாடினார்கள். 1991இல் தனி ஆல்பம். ஸ்லேயர்ஸ் தொடக்கப் பாட்டை மசாமி ஓகுயியோடு சேர்ந்து பாடினார். அடுத்த பருவமான ‘ஸ்லேயர்ஸ் நெக்ஸ்ட்’டுக்குப் பாடிய ‘கிவ் எ ரீசன்’ இன்றும் ஜப்பானியக் கரோக்கி அறைகளில் ஒலிக்கிறது. ‘மெகுமி’ என்ற பெயரில் பாட்டும் எழுதினார். ஓர் ஆல்பத்துக்கு ‘இராவதி’ என்று பெயர் வைத்திருந்தார்.

பாடகி என்ற முறையில் அவரை எப்படி மதிப்பிடுவது? என் காதுக்கு, உயரே போய் நம்மைத் திகைக்க வைக்கிற குரல் அல்ல. வார்த்தைகளைப் பாத்திரத்தின் மனநிலையோடு உச்சரிப்பதில்தான் அவருடைய பலம். லினாவுக்காகப் பாடும்போது பல்லைக் கடித்துக்கொண்டு முன்னால் பாய்கிற குரல். எவாஞ்செலியனைப் புதிதாக எடுத்த பட வரிசையில் 2009இல் வந்த இரண்டாம் படத்தில், ஜப்பானியப் பள்ளிகளில் பிள்ளைகள் கூட்டாகப் பாடுகிற இரண்டு பழைய பாட்டுகளை இவரைப் பாடவைத்தார்கள். திரையில் பயங்கரம் நடந்துகொண்டிருக்க, பின்னணியில் வெள்ளந்தியான ஒரு குரல். பெரிய பாடகி ஒருத்தி பாடியிருந்தால் அந்தக் காட்சி கெட்டிருக்கும். நடிகைக்குத்தான் அவ்வளவு அடக்கிப் பாட வரும்.

வேடங்கள், பாட்டுகள் எல்லாம் சொல்லியாயிற்று. இவற்றை வைத்து மட்டும் பத்தாண்டு ஓட்டுகளை விளக்க முடியுமா? எனக்கு அப்படித் தோன்றவில்லை. நல்ல வேடமும் நல்ல பாட்டும் வேறு நடிகைகளுக்கும் இருந்தன. மிச்சத்தை விளக்குவது ரேடியோ.

1991இல் ‘ஹார்ட்ஃபுல் ஸ்டேஷன்’ என்ற வார நிகழ்ச்சியைத் தொடங்கினார். அது 2015 வரை ஓடியது. 1992 ஏப்ரலில் ‘டோக்கியோ பூகி நைட்’ என்று இன்னொன்று. அது முப்பது ஆண்டுகளைத் தாண்டியும் ஓடியது. ரேடியோவில் என்ன செய்தார்? பெரிதாக ஒன்றுமில்லை. நேயர்கள் எழுதியனுப்பியதைப் படித்தார், பேசினார், சிரித்தார், சில சமயம் கடிந்துகொண்டார், பாட்டுப் போட்டார். பரீட்சையில் தோற்றவன், பள்ளிக்கூடம் பிடிக்காதவள், காதலைச் சொல்லத் தெரியாதவன் என்று எல்லாரும் எழுதுகிற இடம் அது. நர்சிங் படித்த பெண் என்பது அந்தப் பேச்சின் தொனியில் தெரியும் என்பார்கள். ஆறுதல் சொல்வார், ஆனால் தாலாட்ட மாட்டார்.

இப்போது இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். ரேடியோவுக்கு எழுதியனுப்பிய கையும், அனிமேஜுக்கு ஓட்டுச் சீட்டு எழுதிய கையும் வேறுவேறு கைகளாக இருக்க வாய்ப்புக் குறைவு. இரவு, தனி அறை, மேஜைமேல் ஒரு ரேடியோ, எழுத ஓர் அட்டை. தொடர் ஆறு மாதத்தில் முடிந்துவிடும், பாத்திரம் மறைந்துவிடும். அடுத்த வாரமும் அதே நேரத்தில் அதே குரல் வரும் என்ற நிச்சயத்தைத் தந்தது ரேடியோதான். சிறந்த படைப்பு மாறிக்கொண்டே இருந்ததும் சிறந்த குரல் மாறாததும் இதனால்தான் என்பது என் கணிப்பு. ஓட்டு பற்றை அளக்கிறது என்று முன்னே சொன்னேன். பற்றுக்கு வாராவாரம் தண்ணீர் ஊற்றியவர் இவர் ஒருவரே என்று சொல்ல மாட்டேன். ஆனால் இவ்வளவு காலம் விடாமல் ஊற்றியவர்கள் மிகக் குறைவு.

இதைப் பார்த்துத் தொழிலும் விழித்துக்கொண்டது. 1994இல் ‘செய்யூ கிராண்ட் பிரி’, ‘வாய்ஸ் அனிமேஜ்’ என்று குரல் நடிகர்களுக்கென்றே இரண்டு இதழ்கள் பிறந்தன. அட்டையில் முகம், உள்ளே பேட்டி, கூடவே சுவரொட்டி. அதுவரை குரலாக இருந்தவர்கள் முகமும் ஆனார்கள். ஹயஷிபரா அந்த அலையின் உச்சியில் இருந்தும் மேடையிலிருந்து விலகியே நின்றார். அவருடைய முதல் தனி இசை நிகழ்ச்சி நடந்தது 2017இல், நகானோ சன் பிளாசா அரங்கில். அப்போது அவருக்கு வயது ஐம்பது.

அவர் ஏறாத மேடைகளில் அடுத்த தலைமுறை ஏறியது. ‘நருட்டோ’வில் ஹினாட்டாவுக்குப் பேசிய நானா மிசுகியும் கிங் ரெக்கார்ட்ஸ் பாடகிதான். 2009இல் அவருடைய ‘அல்டிமேட் டயமண்ட்’ ஆல்பம் ஒரிக்கான் விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்தது. குரல் நடிகர் ஒருவரின் ஆல்பம் அந்த இடத்தைத் தொட்டது அதுவே முதல்முறை. அந்த ஆண்டின் கடைசி இரவில் என்எச்கேயின் கோஹாகு பாட்டுப் போட்டி மேடையில் நின்றார். 2011 டிசம்பரில் டோக்கியோ டோமில் பாடினார். சிறுவயதில் அப்பாவிடம் எங்கா எனும் ஜப்பானிய மரபுப் பாணிப் பாட்டு பயின்ற தொண்டை அவருடையது, சுத்தமான பாடகியின் தொண்டை. மிசுகி பாடி நடிக்க வந்தவர், ஹயஷிபரா நடித்துப் பாட வந்தவர். இருவரில் யார் உசத்தி என்ற சண்டையில் நான் இறங்க மாட்டேன்.

ஹயஷிபராவின் பிற்காலம் அடங்கிப்போகவும் இல்லை. 2021இல் எவாஞ்செலியன் வரிசையின் கடைசிப் படம். அதே ஆண்டு தன் பாத்திரங்களிடமிருந்து கற்றவற்றைப் புத்தகமாக எழுதினார். 2023இல் வந்த கோனான் படத்தில் மையப் பாத்திரமே ஹைபராதான். அந்த வரிசையில் 1,000 கோடி யென் வசூலைத் தாண்டிய முதல் படம் அது. 2024 அக்டோபரில் ரன்மாவைப் புதிதாக எடுத்தபோது, முப்பத்தைந்து ஆண்டுக்குப் பின் அதே யமகுச்சியையும் அதே ஹயஷிபராவையும் அழைத்தார்கள். பதினாறு வயதுப் பையனுக்கு ஐம்பத்தேழு வயதுப் பெண் குரல். கேட்டுப் பாருங்கள், வயது தெரிகிறதா என்று.

இனி அந்த அண்ணன் தங்கை சண்டைக்கு வருவோம். இன்று அவர்கள் மேற்கோள் காட்டுவது பெரும்பாலும், இணையத்தில் அனிமே காட்டும் க்ரஞ்சிரோல் நிறுவனத்தின் அனிமே விருது. 2017இல் முதல் விருது ‘யூரி ஆன் ஐஸ்’ தொடருக்குப் போனது. 2025 மே மாதம் டோக்கியோவில் நடந்த விழாவில் ‘சோலோ லெவலிங்’ ஆண்டின் சிறந்த அனிமே. அந்த ஆண்டு விழுந்த ஓட்டு 5 கோடியே 10 லட்சம் என்று அறிவித்தார்கள். எண்ணிக்கையைக் கேட்டு மயங்க வேண்டாம். ஒரே ஆள் ஓட்டுக் காலத்தில் தினமும் ஓட்டுப் போடலாம், ஒவ்வொரு பிரிவிலும் போடலாம். போட்டியிடும் பட்டியலை முதலில் நடுவர்கள் தேர்ந்தெடுக்கிறார்கள். இறுதி முடிவிலும் அவர்களுக்குப் பங்கு உண்டு. ஆக இது முழு ரசிகர் தீர்ப்பு அல்ல, கலப்பு.

இன்னொன்று. க்ரஞ்சிரோல், சோனி குழுமத்தின் கையில். சோலோ லெவலிங் எடுத்த ஸ்டுடியோவும் அதே குழுமத்தைச் சேர்ந்ததுதான். நௌசிகா கதை நினைவுக்கு வருகிறதா? சதி என்று சொல்ல வரவில்லை. தேர்தலை நடத்துகிறவர் யார், அவர் வீட்டுக்கு வந்துபோகிறவர்கள் யார் என்று தெரிந்துகொண்டு முடிவைப் படித்தால் போதும். அஞ்சலட்டைக் காலத்துக்கும் இன்றைக்கும் பெரிய வித்தியாசம் ஒன்று இருக்கிறது. அன்று ஓர் ஓட்டுக்கு ஓர் அட்டை செலவானது, எழுதக் கொஞ்ச நேரம் பிடித்தது. இன்று விரல் பட்டால் போதும். அதனால் இன்றைய ஓட்டில் பற்றைவிடப் பரபரப்பு கூடுதலாகப் பதிவாகிறது என்று நினைக்கிறேன். அந்தந்தப் பருவத்தில் எல்லாரும் பேசுகிற தொடர் ஜெயிக்கும். மெல்ல மனதில் இறங்குகிற தொடர் பட்டியலின் நடுவில் நிற்கும்.

இதைப் படிக்கிற அண்ணனும் தங்கையும் 2023இலிருந்து க்ரஞ்சிரோலில் தமிழிலேயே அனிமே கேட்கிறார்கள். 2025 செப்டம்பரில் ‘டீமன் ஸ்லேயர்: இன்ஃபினிட்டி காசில்’ தமிழ் பேசிக்கொண்டு தியேட்டருக்கும் வந்தது. அந்தத் தமிழ்க் குரல்கள் யாருடையவை என்று கேட்டால் நம் பிள்ளைகளில் எத்தனை பேருக்குச் சொல்லத் தெரியும்? ரெய்க்குப் பேசியது யார் என்று ஜப்பானியப் பிள்ளைகளுக்குத் தெரிந்ததற்கு ஓர் இதழ் அந்தப் பெயர்களை விடாமல் அச்சிட்டதும், பிள்ளைகள் அவற்றைத் தேடிப் படித்ததும்தான் காரணம். 2025 விருதில் இந்திக் குரல் நடிப்புக்குத் தனிப் பிரிவு இருந்தது. தமிழுக்கு இல்லை. அடுத்த முறை ஓட்டுப் போடப் போகிறவர்கள், படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது எழுந்து போகாமல் ஒரு நிமிஷம் உட்காருங்கள். அந்தப் பெயர்களைத் தெரிந்துகொண்டு, தமிழுக்கும் ஒரு பிரிவு வேண்டும் என்று எழுதிக் கேளுங்கள்.